அமெரிக்கக் கல்லூரி ஆட்டங்களைக் கம்ப்யூட்டரில் ரேடியோவாகக் கேட்பது எப்படி

மிச்சிகன் மாநிலத்து ஆன் ஆர்பரில் இரண்டு வருடம் படித்துவிட்டு ஊருக்குத் திரும்பினேன். அங்கிருந்து என்னோடு வந்து இன்னும் போகாத பழக்கம் ஒன்று உண்டென்றால் அது சனிக்கிழமை ஃபுட்பால்தான். நம் ஊர் கால்பந்து இல்லை, கையில் பந்தை வைத்துக்கொண்டு ஓடுகிற அமெரிக்க ஃபுட்பால். அதை நான் பார்ப்பதைவிடக் கேட்பதுதான் அதிகம். டிவியில் பேசுபவர் இரண்டு அணிக்கும் பொதுவான ஆள், ஆனால் கல்லூரியின் சொந்த ரேடியோவில் பேசுபவர் நம் வீட்டு ஆள். நாம் தோற்றால் அவர் குரலும் இறங்கும், ஜெயித்தால் கத்துவார். சென்னை வானொலியில் தமிழில் கிரிக்கெட் வர்ணனை கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த ருசியை நான் விளக்க வேண்டியதில்லை.

அங்கே படித்துவிட்டு வந்தவர்கள், பிள்ளைகளை அங்கே படிக்க அனுப்பியவர்கள், சும்மா ஆர்வத்தில் கேட்க நினைப்பவர்கள் எல்லாருக்கும் வழி ஒன்றுதான். முதலில் ஒன்றைச் செய்யாதீர்கள்: ஆட்டம் தொடங்க ஐந்து நிமிடம் இருக்கும்போது, அணியின் பெயரோடு 'இலவச நேரலை' என்று சேர்த்துத் தேடாதீர்கள். வருவதில் பாதி குப்பைத் தளங்கள். கணக்குத் தொடங்கு, கார்டு எண் கொடு என்று கேட்கும், கடைசியில் ஒன்றும் ஓடாது.

நேராகக் கல்லூரியின் விளையாட்டுத் தளத்துக்குப் போங்கள். படிப்புக்கான தளம் வேறு, விளையாட்டுக்கான தளம் வேறு. மிச்சிகனுக்கு 'எம்கோபுளூ' என்ற பெயரில் தனித் தளம் இருப்பதைப் போலப் பெரிய கல்லூரிகள் எல்லாமே ஒன்று வைத்திருக்கின்றன. அதில் உங்கள் விளையாட்டைத் தேர்ந்தெடுத்து, ஆட்ட அட்டவணையைத் திறந்தால் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் பக்கத்தில் சின்னச் சின்னக் குறிகள் இருக்கும். ஹெட்போன் படமோ 'கேளுங்கள்' என்ற பொருளில் ஆங்கிலச் சொல்லோ இருந்தால் அதுதான் ரேடியோ. அதை ஆட்டத்துக்கு முந்தைய நாளே கண்டுபிடித்து புக்மார்க் செய்து வையுங்கள். பக்கத்திலேயே நேரடிப் புள்ளிவிவரப் பக்கத்துக்கும் லிங்க் இருக்கும், அதையும் சேர்த்து வையுங்கள், பிறகு வேண்டியிருக்கும்.

பல கல்லூரிகள் தங்கள் ரேடியோ உரிமையை லியர்ஃபீல்டு என்ற நிறுவனத்துக்குக் கொடுத்திருக்கின்றன. அந்த நிறுவனம் 2021இல் தொடங்கிய வர்சிட்டி நெட்வொர்க்கில் ஏகப்பட்ட கல்லூரிகளின் வர்ணனை இலவசமாக வருகிறது. போனில் ஆப் உண்டு, கம்ப்யூட்டரில் பிரவுசரிலேயே கேட்கலாம். கல்லூரித் தளத்தில் லிங்க் கிடைக்காவிட்டால் அடுத்து இங்கே பாருங்கள்.

அப்புறம் நேரம். இதில் சறுக்காதவர் இல்லை. அமெரிக்கக் கிழக்குப் பகுதி நேரத்தோடு கோடைக்காலக் கணக்கில் ஒன்பதரை மணி நேரம் கூட்டினால் இந்திய நேரம். பகல் 12 மணி ஆட்டம் நமக்கு இரவு 9:30. மூன்றரை மணி ஆட்டம் நள்ளிரவு தாண்டி 1 மணி, இரவு ஏழரை ஆட்டம் ஞாயிறு காலை 5 மணி. நவம்பர் முதல் ஞாயிறு அங்கே கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் தள்ளுவார்கள், அதற்குப் பிறகு பத்தரை மணி நேரம் கூட்ட வேண்டும். நவம்பர் கடைசியில் மிச்சிகனும் ஒஹையோ ஸ்டேட்டும் மோதும் ஆட்டம் வழக்கமாக அவர்களுக்குப் பகல் 12 மணிக்கு, அதாவது நமக்கு இரவு 10:30க்கு. டெக்சஸ் பக்கத்துக் கல்லூரி தன் உள்ளூர் நேரத்தைப் போட்டிருந்தால் இன்னும் ஒரு மணி நேரம் கூட்டுங்கள், கலிஃபோர்னியா என்றால் மூன்று மணி நேரம்.

சரி, லிங்க் இருக்கிறது, நேரமும் தெரியும், அழுத்தினால் சத்தமே வரவில்லை. முதலில் விளம்பரத் தடுப்பானை அந்தத் தளத்துக்கு மட்டும் நிறுத்துங்கள். பல பிளேயர்கள் ஆரம்பத்தில் ஒரு விளம்பரத்தை ஓட்டிய பிறகுதான் வர்ணனைக்குப் போகும், அந்த விளம்பரம் தடைபட்டால் அப்படியே ஊமையாக நின்றுவிடும். அதற்கும் வழிக்கு வரவில்லை என்றால் வேறு பிரவுசரில் திறந்து பாருங்கள்.

இன்னொரு சிக்கல் இதைவிட எரிச்சலானது. எனக்கு ஒருமுறை, உள்ளூர் நிலையம் ஒன்றின் இணைய ஒலிபரப்பில் ஆட்டத்துக்கு முந்தைய நிகழ்ச்சி முழுவதும் அருமையாக வந்தது. டீ போட்டு எடுத்துக்கொண்டு வந்து உட்கார்கிறேன், பந்தை உதைக்கப் போகும் நேரத்தில் யாரோ இருவர் வீட்டுக் கடன் வட்டியைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டார்கள். நிலையத்தில் ஏதோ கோளாறு என்று கால் மணி நேரம் காத்திருந்தேன். கோளாறெல்லாம் இல்லை. வானலையில் ஒலிபரப்ப உரிமை வாங்கிய நிலையத்துக்கு அதையே இணையத்திலும் விட உரிமை இல்லாமல் இருக்கலாம். அப்போது கோபுரத்திலிருந்து ஆட்டம் போகும், இணையத்தில் வேறு நிகழ்ச்சி போகும். காத்திருந்து பயனில்லை, உடனே கல்லூரியின் சொந்த லிங்குக்கு மாறிவிடுங்கள்.

நாட்டுத் தடையும் உண்டு. ஐஹார்ட், ஆடசி போன்ற பெரிய ரேடியோ தளங்களை இந்தியாவிலிருந்து திறந்தால் உங்கள் நாட்டில் கிடைக்காது என்று சொல்லிவிடும். சிரியஸ் எக்ஸ்எம் கட்டணச் சேவை, அதுவும் அமெரிக்கா, கனடாவில் இருப்பவர்களுக்குத்தான். அவற்றோடு மல்லுக்கு நிற்பதைவிட நான் சொல்வது மாணவர் ரேடியோ.

இது பலருக்குத் தெரியாத புதையல். அமெரிக்கக் கல்லூரிகள் பலவற்றில் மாணவர்களே நடத்தும் எஃப்எம் நிலையம் உண்டு. ஆன் ஆர்பரில் டபிள்யூசிபிஎன் 88.3, ஸ்டான்ஃபோர்டில் கேஇசட்எஸ்யூ 90.1. இவற்றின் இணைய ஒலிபரப்பு பெரும்பாலும் யாரையும் எங்கிருந்தும் தடுக்காது. பெரிய நெட்வொர்க் எட்டிப் பார்க்காத ஐஸ் ஹாக்கி, பேஸ்பால், பெண்கள் கூடைப்பந்து எல்லாம் இங்கே கிடைக்கும். பேசுவது இருபது வயதுப் பிள்ளைகள். பெயரைத் தடுமாறிச் சொல்வார்கள், சொல்லிவிட்டு உடனே திருத்துவார்கள், ஆனாலும் அவர்கள் உயிரைக் கொடுத்துப் பேசுவதைக் கேட்டால் அணைக்க மனம் வராது. சிரக்யூஸ் பல்கலைக்கழகத்தின் டபிள்யூஏஇஆர் 88.3இல் இப்படித் தொடங்கிய மாணவர்கள்தான் மார்வ் ஆல்பர்ட், பாப் காஸ்டஸ், மைக் டிரிகோ. மூவரும் பின்னாளில் அமெரிக்க விளையாட்டு ஒளிபரப்பின் பெரிய பெயர்கள்.

நிலையத்தின் பெயரை வைத்தே அது எந்தப் பக்கம் என்று ஓரளவு சொல்லிவிடலாம். மிசிசிப்பி ஆற்றுக்குக் கிழக்கே இருப்பவை பெரும்பாலும் டபிள்யூ எழுத்தில் தொடங்கும், மேற்கே இருப்பவை கே எழுத்தில். பழைய நிலையங்கள் சில விதிவிலக்கு. கிழக்கே பிட்ஸ்பர்கில் இருக்கும் கேடிகேஏ அப்படி ஒன்று. 1921 அக்டோபர் 8 அன்று பிட்ஸ்பர்க், வெஸ்ட் வர்ஜீனியா அணிகளின் ஆட்டத்தை ஹரால்டு ஆர்லின் குரலில் ஒலிபரப்பியது இந்த நிலையம்தான். கல்லூரி ஃபுட்பாலுக்கும் ரேடியோவுக்கும் உள்ள உறவு அவ்வளவு பழையது.

பிரவுசர் அடிக்கடி திக்கினால் விஎல்சி என்ற இலவச பிளேயருக்கு மாறுங்கள். மாணவர் நிலையங்களின் தளத்தில் 'எம்3யூ' அல்லது 'பிஎல்எஸ்' என்று முடியும் லிங்க் பெரும்பாலும் இருக்கும். அதைக் காப்பி செய்து, விஎல்சியில் கன்ட்ரோல் விசையோடு என் விசையை அழுத்தினால் வரும் பெட்டியில் ஒட்டி பிளே கொடுங்கள், அவ்வளவுதான். அதே பெட்டியில் கூடுதல் விருப்பங்களைத் திறந்தால் கேச்சிங், அதாவது ஒலியை முன்கூட்டிச் சேர்த்து வைக்கும் நேரம், 1000 மில்லிசெகண்ட் என்று இருக்கும். அதை 5000 ஆக்குங்கள். ஐந்து வினாடி தாமதமாகக் கேட்பீர்கள், ஆனால் இணைப்பு ஆடினாலும் வர்ணனை அறுபடாது. டேட்டாவைப் பற்றிக் கவலையே வேண்டாம்: நொடிக்கு 64 கிலோபிட் ஒலிபரப்பு என்றால் ஒரு மணி நேரத்துக்கு 29 எம்பி, மூன்றரை மணி நேர ஆட்டம் மொத்தமும் சுமார் 100 எம்பி.

இணைய ரேடியோ எப்படியும் மைதானத்துக்குப் பின்னால்தான் ஓடும், அரை நிமிடம், சில சமயம் ஒரு நிமிடத்துக்கும் மேல். அதனால் போனில் ஸ்கோர் அறிவிப்புகளை அணைத்துவிடுங்கள். நண்பர்களின் வாட்ஸாப் குரூப்பையும் மூடுங்கள். நாலாவது, அதாவது கடைசி முயற்சி, முன்னேற இன்னும் இரண்டு கஜம் வேண்டும், வர்ணனையாளர் மூச்சைப் பிடித்துக்கொண்டு சொல்லிக்கொண்டிருக்கிறார், அந்த நேரம் பார்த்து போன் 'டச்டவுன்' (பந்தை எதிரணியின் எல்லைக்குள் கொண்டுபோய்ப் புள்ளி எடுப்பது) என்று ஒளிர்ந்தால் மூன்று மணி நேரம் விழித்திருந்ததே வீண்.

புதிதாகக் கேட்பவர்களுக்கு ஆட்டம் எங்கே நடக்கிறது என்றே புரியாது. நான் நோட்டில் ஒரு நீளக் கோடு போட்டுப் பத்தாகப் பிரித்துக்கொள்வேன், ஒவ்வொரு பிரிவும் 10 கஜம், மொத்தம் 100. அதன் மேல் பந்துக்குப் பதிலாக ஒரு புளியங்கொட்டை. நாலு முயற்சிக்குள் 10 கஜம் முன்னேற வேண்டும் என்பதுதான் அடிப்படை. 'செகண்ட் அண்ட் செவன்' என்றால் இது இரண்டாவது முயற்சி, இன்னும் 7 கஜம் பாக்கி. எந்த அணி இடமிருந்து வலம் போகிறது என்பதை நல்ல வர்ணனையாளர் அடிக்கடி சொல்வார். அதைக் கேட்டுக் கொட்டையை நகர்த்துங்கள். இரண்டு மூன்று ஆட்டம் போனால் கொட்டையும் நோட்டும் தேவைப்படாது, மைதானம் தானாகக் கண்ணுக்குள் விரியும். தவறவிட்டதைப் பிடிக்க, முதலில் சேர்த்து வைத்த புள்ளிவிவரப் பக்கம் இருக்கிறது. ஆனால் அதுவும் ரேடியோவுக்கு முன்னால் ஓடும், விளம்பர இடைவேளையில் மட்டும் பாருங்கள்.

முக்கியமான ஆட்டத்தை, சொந்தமாகக் கேட்பதற்கு மட்டும், பதிவு செய்து வைத்துக்கொள்ளுங்கள். விஎல்சியில் வியூ மெனுவில் அட்வான்ஸ்டு கன்ட்ரோல்ஸைத் தேர்ந்தெடுத்தால் சிவப்புப் பொத்தான் தெரியும். எந்த ஆட்டம் வரலாறு ஆகும் என்று முன்கூட்டித் தெரியாது. 1982 நவம்பர் 20, பெர்க்லியில் கலிஃபோர்னியாவும் ஸ்டான்ஃபோர்டும். நாலு வினாடிதான் பாக்கி, ஸ்டான்ஃபோர்டு 20-19 முன்னிலை. உதைத்த பந்தைப் பிடித்த கலிஃபோர்னியா வீரர்கள் ஐந்து முறை கைமாற்றிக்கொண்டே ஓட, ஆட்டம் முடிந்துவிட்டது என்று நினைத்து ஸ்டான்ஃபோர்டின் பாண்டு வாத்தியக் குழு மைதானத்துக்குள் இறங்கிவிட்டது. கெவின் மோயன் அவர்களுக்கு நடுவே புகுந்து ஓடி டச்டவுன் அடித்து, டிராம்போன் வாசிப்பவர் மேல் போய் மோதினார். ரேடியோவில் கலிஃபோர்னியாவின் வர்ணனையாளர் ஜோ ஸ்டார்க்கி, பாண்டு மைதானத்துக்குள் வந்துவிட்டது என்று தொண்டை கிழியக் கத்தியது இன்றைக்கும் கேட்கக் கிடைக்கிறது. ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள், ரேடியோவை நான் ஏன் இப்படிப் பிடித்துத் தொங்குகிறேன் என்று தெரியும்.

மார்ச் மாதக் கூடைப்பந்துப் போட்டிக்கு மட்டும் கதை வேறு. ஆண்கள் போட்டியின் 67 ஆட்டங்களுக்கும் வெஸ்ட்வுட் ஒன் என்ற ரேடியோ நிறுவனம் வர்ணனை செய்கிறது, கல்லூரி விளையாட்டுச் சங்கமான என்சிஏஏவின் தளத்திலேயே அதற்கான லிங்க் இருக்கும். அது பொதுவான வர்ணனை. உங்கள் கல்லூரி விளையாடினால் முதலில் சொந்த ரேடியோவையே தேடுங்கள். மார்ச் இரண்டாவது ஞாயிறு அங்கே கடிகாரம் மறுபடி முன்னால் போய்விடும், அதனால் கணக்கு திரும்பவும் ஒன்பதரை மணி நேரம்தான்.