கெமிக்கல் பர்ன் சார்ட்டில் புதிய கோடர்கள் எங்கே சறுக்குகிறார்கள்?

சென்னையில் உட்கார்ந்துகொண்டு அமெரிக்க மருத்துவமனை சார்ட்டுகளுக்கு, அதாவது நோயாளியின் சிகிச்சைக் குறிப்புகளுக்கு, நோயையும் காயத்தையும் குறிக்கும் கோட் போட வரும் பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுப்பது என் வேலை. எமர்ஜென்சி சார்ட்டுக்கு வந்ததும் ஒவ்வொரு பேட்ச்சும் ஒரே இடத்தில் சறுக்கும். நாங்களும் சறுக்கிய இடம்தான் என்பதால் ரொம்பவும் திட்ட முடிவதில்லை. கோடில் காலி இடத்தை நிரப்பும் எக்ஸை விட்டுவிடுவது, கடைசி எழுத்தை மறப்பது எல்லாம் இங்கே வேண்டாம். அவற்றை சாஃப்ட்வேரே பிடித்துவிடும்.

கெமிக்கல் பர்னுக்கு பர்ன் கோட் போடுவது

போன பேட்ச்சில் கொடுத்த ஒரு சார்ட்டைச் சொல்கிறேன். அடைத்துக்கொண்ட சிங்க்கில் டிரெய்ன் கிளீனர் ஊற்றும்போது தெறித்து, ஒரு பெண்ணின் வலது புறங்கையில் கொப்புளம். டாக்டர் எல்லாவற்றையும் எழுதியிருக்கிறார்: கெமிக்கல் பர்ன், செகண்ட் டிகிரி, வலது புறங்கை, சோடியம் ஹைட்ராக்சைடு கலந்த கிளீனர், சொந்த வீட்டுச் சமையலறை. இதைவிட நல்ல டாகுமென்டேஷன் யாருக்கும் கிடைக்காது.

அந்த பேட்ச்சில் ஒரு பையன் போட்ட கோட் டி23.261ஏ (T23.261A). 'பர்ன்' என்று தட்டியிருக்கிறான், முதலில் வந்ததை எடுத்துக்கொண்டான். அது நெருப்பாலோ சூடான பொருளாலோ மின்சாரத்தாலோ வரும் காயத்துக்கானது. ரசாயனம் பட்டால், நாங்கள் கோட் எடுக்கும் அமெரிக்கப் பட்டியலான ஐசிடி-10-சிஎம்மில் அது கொரோஷன், அதாவது ரசாயன அரிப்பு. ஒரே டி23-க்குள்தான் இரண்டும் இருக்கின்றன: புள்ளிக்கு அடுத்த எண் 0 முதல் 3 வரை என்றால் பர்ன், 4 முதல் 7 வரை என்றால் கொரோஷன். ஆக, வரவேண்டியது டி23.661ஏ.

"ஒரு நம்பர்தானே சார்" என்றான். எனக்குக் கோபம் வந்ததே அங்கேதான். அந்த ஒரு நம்பர் தனியாகப் போவதில்லை. பர்ன் கோடுக்குக் கீழே, காயம் எதனால் வந்தது என்று எக்ஸ்00 முதல் எக்ஸ்19 வரையிலான கோடுகளில் தேடச் சொல்லிக் குறிப்பு இருக்கும். பையன் ஒழுங்கானவன், குறிப்பைப் படித்து எக்ஸ்19-ஐச் சேர்த்துவிட்டான். சுடுதண்ணீரே படாத கைக்கு 'சூடான பொருள் பட்டது' என்று கோட்! உடல் பரப்பில் எவ்வளவு காயம் என்று சொல்லும் கோடிலும், கொரோஷனுக்கான டி32.0 போய் பர்னுக்கான டி31.0 வந்துவிட்டது. எல்லாவற்றுக்கும் மேலாக, பர்ன் வழியில் போனால் ரசாயனத்தைப் பற்றி யாரும் கேட்கவே மாட்டார்கள். எந்த ரசாயனம் என்று சொல்லும் டி54 விடுபட்டுப் போகிறது. டாக்டர் நோட்டில் டிரெய்ன் கிளீனர் இருக்கிறது, இன்சூரன்ஸுக்குப் போகும் கிளைமில் அதன் வாசனைகூட இல்லை. ஆடிட்டில் நான்கு கோடுக்கும் தனித்தனியாக மார்க் போகும். அப்புறம் என்னிடம் வந்து "ஒரு தப்புக்கு நாலு எரரா" என்று கேட்பார்கள்.

சரி, கொரோஷன் என்று கண்டுபிடித்தவர்களாவது தப்பிக்கிறார்களா என்றால், பாதிப் பேர் வரிசையில் மாட்டுகிறார்கள். கொரோஷனுக்குக் கீழே ரசாயனத்தையும் நோக்கத்தையும் சொல்லும் டி51 முதல் டி65 வரையிலான கோடை முதலில் போடு என்று அச்சிலேயே இருக்கிறது. இந்தப் பெண்ணுக்கு முதலில் டி54.3எக்ஸ்1ஏ, பிறகுதான் கை. "அதிக டிகிரி உள்ளதுதானே முதலில்?" என்று விதியைக் காட்டி வாதாடுவார்கள். அது காயங்களுக்குள் எது முன்னே என்பதற்கான விதி. ரசாயனத்தைப் பின்னே தள்ளுவதற்கு அதில் இடமில்லை.

டி54.2 அமிலம், டி54.3 காரம். பாட்டிலில் கிளீனர் என்று போட்டிருப்பதை வைத்து ஊகிக்காமல், கோட் புத்தகத்தில் உள்ள டிரக்ஸ் அண்ட் கெமிக்கல்ஸ் டேபிளில் பொருளின் பெயரைத் தேடுங்கள். சோடியம் ஹைட்ராக்சைடு காரம், ஹைட்ரோகுளோரிக் அமிலம் என்றால் டி54.2. காரம் திசுவைக் கரைத்துக்கொண்டே உள்ளே இறங்கும் என்பதால் டாக்டருக்கும் இந்த வித்தியாசம் முக்கியம்.

நோக்கம் எழுதவில்லை என்றால்

விபத்து என்றே எடுத்துக்கொள்ள வேண்டும். 'தீர்மானிக்க முடியவில்லை' என்ற கோட், டாக்டரே அப்படி எழுதியிருந்தால் மட்டும். பாத்திரம் கழுவப்போன பெண்ணின் ரெக்கார்டில் வீணாக ஒரு சந்தேகத்தைப் பதிக்காதீர்கள்.

கண்ணில் தெறித்தால்

கண்ணுக்கு டிகிரி கிடையாது. கார்னியாவிலும் (கருவிழிப் படலம்) கஞ்சங்டைவாவிலும் (வெண்படலம்) கொரோஷன் என்றால் டி26.6. டாக்டர் 'கெமிக்கல் கஞ்சங்டிவைடிஸ்' (ரசாயனத்தால் வெண்படல அழற்சி) என்று எழுதினால் அது எச்10.21. ஒரே கண்ணுக்கு இரண்டையும் சேர்த்துப் போட்டால் இரண்டும் சேர்ந்து வரக்கூடாது என்று சொல்லும் எக்ஸ்க்ளூட்ஸ்1 குறிப்பு இடிக்கும். எது என்று தெரியாவிட்டால் டாக்டருக்குக் குவரி அனுப்பிக் கேளுங்கள், நீங்களே டாக்டர் ஆகவேண்டாம்.

டி30

உடலில் எந்த இடம் என்று தெரியாதபோது போடும் கோட் இது. இடம் எழுதியிருக்கிறதா? அந்தப் பக்கமே போகாதீர்கள்.

தோல் சிவந்தாலே கொரோஷனா?

இல்லை. டாக்டர் 'இரிட்டன்ட் கான்டாக்ட் டெர்மடைடிஸ்' என்று எழுதியிருந்தால் அது தோல் அழற்சிக்கான எல்24.

கடைசி எழுத்து

'ஏ' என்பது முதல் வருகை என்று யாரோ சொல்லிக்கொடுத்து, அது பரம்பரையாக வருகிறது. 'ஏ' என்றால் ஆக்டிவ் ட்ரீட்மென்ட் நடக்கிறது என்று பொருள். இரண்டாவதாகப் பார்க்கும் டாக்டரும் அந்தச் சிகிச்சையைத்தான் தருகிறார் என்றால் அங்கேயும் 'ஏ'தான். ஆறிவரும் காயத்தைப் பார்க்க வந்தால் 'டி' (D). மாதங்கள் கழித்துத் தழும்புக்காக வந்தால் முதலில் தழும்புக்கான எல்90.5, பின்னால் 'எஸ்' போட்ட கொரோஷன் கோட்.

வேலை செய்யும் இடத்தில் நடந்ததா?

அந்தப் பெண் இதே கிளீனரை ஓட்டல் சமையலறையில் சம்பளத்துக்காக ஊற்றியிருந்தால் நடந்த இடத்தைச் சொல்லும் ஒய்92 மாறும், சம்பள வேலை என்று சொல்லும் ஒய்99.0 சேரும், பில் அவருடைய இன்சூரன்ஸுக்குப் போகாமல், வேலையில் வரும் காயத்துக்கான ஒர்க்கர்ஸ் காம்பன்சேஷனுக்குப் போகலாம். இந்த விவரம் பெரும்பாலும் டாக்டர் நோட்டில் இருக்காது. நோயாளியை முதலில் பார்த்து அவசரத்தை மதிப்பிடும் ட்ரையேஜ் நர்ஸ் எழுதிய முதல் இரண்டு வரியில் இருக்கும்.