அண்டிப்பருப்பு பொதிந்த பன்றி இறைச்சி: வயிறு கனக்காத இரவுச் சாப்பாட்டுக்குச் செய்முறை

குமரி மாவட்டத்தில் பன்றி இறைச்சி என்றதும் நினைவுக்கு வருவது, தோலும் கொழுப்புமாக வெட்டி, தேங்காய்க்கொத்து போட்டு, சட்டியில் கறுக்க வறட்டி எடுக்கும் வறுவல்தான். பெருநாள் மதியத்துக்கு அதை மிஞ்ச ஒன்றுமில்லை. ஆனால் இரவு எட்டரைக்குச் சாப்பிட்டுப் பத்து மணிக்குப் படுப்பவர்களுக்கு அது ஒத்துவராது. அவர்களுக்காகத்தான் இந்தச் செய்முறை. கொழுப்பு நீக்கிய சதையை மெல்லிய துண்டுகளாக்கி, கொரகொரப்பாகப் பொடித்த அண்டிப்பருப்பை, அதாவது முந்திரிப்பருப்பைப் பொதிந்து, மொத்தமே இரண்டு மேசைக்கரண்டி எண்ணெயில் தோசைக்கல்லில் வேகவைக்கிறோம்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிவிடுவோம். அண்டிப்பருப்பு கலோரி குறைந்த பொருள் அல்ல. 100 கிராமில் ஏறத்தாழ 550 கலோரி இருக்கிறது. இந்த உணவு இலகுவாவது இறைச்சியின் பகுதியால். பன்றியின் வயிற்றுப் பகுதி 100 கிராமில் 500 கலோரியைத் தாண்டும். அதே பன்றியின் முதுகுச் சதையில், கொழுப்பை நீக்கிவிட்டால், 140 அளவுதான் வரும். கீழே உள்ள அளவில் செய்தால் ஓர் ஆளுக்கு இரண்டு துண்டு, சுமார் 390 கலோரி. பருப்புப் பூச்சு தடிமனாகத் தடிமனாக இந்தக் கணக்கு ஏறிக்கொண்டே போகும். ஆகவே 80 கிராமுக்கு மேல் பருப்பு எடுக்க வேண்டாம்.

தேவையானவை (நான்கு பேருக்கு)

பன்றி முதுகுச் சதை, தோல், எலும்பு, கொழுப்பு நீக்கியது – 500 கிராம்
ஊறவைக்க: தண்ணீர் அரை லிட்டர், உப்பு 25 கிராம்
பச்சை அண்டிப்பருப்புக் குருணை – 80 கிராம்
ரஸ்க் தூள் – 20 கிராம்
அரிசி மாவு – 2 மேசைக்கரண்டி
முட்டை வெள்ளைக்கரு – 2
பூண்டு – 4 பல், விழுதாக
இடித்த நல்லமிளகு (கருமிளகு) – 1 தேக்கரண்டி
பெருஞ்சீரகம் – அரைத் தேக்கரண்டி
மஞ்சள்தூள் – கால் தேக்கரண்டி
கறிவேப்பிலை – 2 கொத்து
தேங்காய் எண்ணெய் – 2 மேசைக்கரண்டி

கடையில் என்ன கேட்பது

இறைச்சிக் கடையில் சும்மா அரைக் கிலோ என்று சொன்னால், எலும்பு, தோல், கொழுப்பு எல்லாம் கலந்து கறித் துண்டாக வெட்டிக் கொடுத்துவிடுவார்கள். அதை வைத்து இதைச் செய்ய முடியாது. கத்தி வைப்பதற்கு முன்பே சொல்லுங்கள்: "முதுகெலும்பை ஒட்டி ஓடுற நீளச் சதை வேணும், தோலும் கொழுப்பும் எடுத்திட்டு ஒரே துண்டாத் தாங்க அண்ணா." ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் இந்தப் பேச்சு எடுபடாது, முந்தின நாளே சொல்லி வைப்பது நல்லது. முதுகெலும்பின் உள்பக்கம் இன்னும் மெதுவான சிறு சதை ஒன்று இருக்கும். ஒரு பன்றியில் அது இரண்டே இரண்டுதான், கிடைத்தால் விடாதீர்கள்.

வாங்கும்போது சதையை ஒருமுறை புரட்டிப் பாருங்கள். நிறம் இளஞ்சிவப்பாக, தொட்டால் பிசுபிசுப்பின்றி இருக்க வேண்டும். சதைக்குள்ளே அரிசி மணி அளவில் வெண்மையான சிறு கொப்புளங்கள் தென்பட்டால் அது நாடாப்புழுவின் இளம்பருவம். அந்த இறைச்சியை எந்த விலைக்கும் வாங்காதீர்கள்.

பருப்பு நம் பக்கத்தில் பிரச்சினையே இல்லை. முழுப் பருப்பு வேண்டாம். பொடிக்கப் போகிற ஒன்றுக்கு முழுப் பருப்பின் விலை வீண். அண்டி ஆபீஸ்களில் (முந்திரி ஆலைகளில்) தரம் பிரிக்கும்போது ஒதுங்கும் குருணை போதும். ஆனால் அது வறுக்காத, உப்புப் போடாத பச்சைப் பருப்பாக இருக்க வேண்டும். வறுத்த பருப்பு, இறைச்சி வேகும் முன்பே கறுத்துப்போகும். ஒன்றை வாயில் போட்டுப் பாருங்கள். காறல் வாடை அடித்தால் அந்தப் பையையே விட்டுவிடுங்கள். சூட்டில் அந்த வாடை கூடுமே தவிரக் குறையாது. வீட்டில் யாருக்காவது கொட்டைப் பருப்பு ஒவ்வாமை இருந்தால் இந்தச் செய்முறையே வேண்டாம்.

படி 1: வெட்டுவதும் தட்டுவதும்

இறைச்சியை முக்கால் மணி நேரம் ஃப்ரீசரில் வைத்தால் லேசாக இறுகி, கத்தி வழுக்காமல் வெட்ட வரும். நார் எந்தத் திசையில் ஓடுகிறது என்று பார்த்து, அதற்குக் குறுக்கே ஒன்றரை சென்டிமீட்டர் தடிமனில் எட்டுத் துண்டு போடுங்கள். நாரோடு சேர்த்து நீளவாக்கில் வெட்டினால் எவ்வளவு பக்குவமாக வேகவைத்தாலும் சவ்சவ்வென்று இழுக்கும்.

ஒவ்வொரு துண்டையும் இரண்டு பாலிதீன் தாளுக்கு இடையில் வைத்து, சப்பாத்திக் கட்டையால் நடுவிலிருந்து ஓரம் நோக்கி மெதுவாகத் தட்டி ஒரு சென்டிமீட்டருக்குக் கொண்டுவாருங்கள். தடிமன் எல்லா இடத்திலும் ஒன்றுபோல் இருக்க வேண்டும். ஓரம் மெலிந்து நடு தடித்தால், நடு வேகும் நேரத்தில் ஓரம் காய்ந்து தோலாகிவிடும்.

படி 2: உப்புத் தண்ணீர்

கொழுப்பில்லாத பன்றிச் சதை சட்டென்று வறண்டுபோகும். இதற்கு மருந்து உப்புத் தண்ணீர். அரை லிட்டர் குளிர்ந்த தண்ணீரில் 25 கிராம் உப்பைக் கரைத்து, துண்டுகளை அரை மணி நேரம் மூழ்கவிட்டு ஃப்ரிட்ஜில் வையுங்கள். உப்பு சதையின் புரதத்தைத் தளர்த்துவதால், சூட்டில் சதை சுருங்கும்போதும் நீர் முழுக்க வெளியேறாமல் தங்கும். முக்கால் மணிக்கு மேல் விட்டால் உப்புக் கரிக்கும். இதற்குப் பிறகு எந்தக் கட்டத்திலும் உப்புச் சேர்க்கக் கூடாது.

எலுமிச்சை, தயிர், வினிகர் எதிலும் ஊறவைக்காதீர்கள். ஈர மசாலா மேல் பருப்பு ஒட்டாது. அன்னாசியில் ஊறவைக்கும் பழக்கம் உள்ளவர்களுக்கும் இதையே சொல்வோம்: பச்சை அன்னாசியில் உள்ள நொதி இவ்வளவு மெல்லிய துண்டின் மேல்பரப்பைக் கூழாக்கிவிடும்.

படி 3: ஈரம் துடைப்பது

சிறிய வேலைதான், ஆனால் பூச்சு நிற்பதும் உதிர்வதும் இதில்தான் இருக்கிறது. துண்டுகளை எடுத்து, சுத்தமான பருத்தித் துணியிலோ டிஷ்யூ தாளிலோ இரண்டு பக்கமும் அழுத்தி ஒற்றுங்கள். விரலால் தொட்டால் ஈரம் ஒட்டக் கூடாது. பிறகு ஒரு தட்டில் பரப்பி, மூடாமல் பத்து நிமிடம் ஃப்ரிட்ஜில் வையுங்கள்.

படி 4: பருப்பைப் பொடிப்பது

கறிவேப்பிலையை வெறும் சட்டியில் மொறுமொறுப்பாக வாட்டி நொறுக்கிக்கொள்ளுங்கள். பெருஞ்சீரகத்தை ஒன்றிரண்டாக இடியுங்கள். மிக்சி ஜாரில் ஒரு சொட்டு ஈரம்கூட இருக்கக் கூடாது. பருப்பைப் போட்டு, ஒரு நொடி ஓடவிட்டு நிறுத்துங்கள், ஜாரைக் குலுக்குங்கள், மறுபடி ஒரு நொடி. ஆறேழு சுற்று போதும். ரவையும் கடுகும் கலந்ததுபோல் இருந்தால் பதம் சரி. தொடர்ந்து ஓடவிட்டால் பருப்பு சூடாகி எண்ணெய் கக்கும், பொடி விழுதாகி ஜாரின் அடியில் அப்பிக்கொள்ளும். அப்படி ஆகிவிட்டால் அதை மீட்க வழியில்லை. குருமாவுக்கு எடுத்து வைத்துவிட்டுப் புதிதாகப் பொடியுங்கள். மழைக்காலத்தில் பருப்பு நமுத்துப்போயிருந்தால், பொடிக்கும் முன் கால் மணி நேரம் ஃப்ரீசரில் வைத்தால் நன்றாக உடையும்.

பொடியோடு ரஸ்க் தூள், நல்லமிளகு, பெருஞ்சீரகம், கறிவேப்பிலை கலந்து அகலத் தட்டில் கொட்டுங்கள். ரஸ்க் எதற்கு என்றால், இறைச்சியிலிருந்து கசியும் நீரை அது உறிஞ்சிக்கொள்ளும். பருப்பால் அது அவ்வளவாக முடியாது.

படி 5: பொதிவது

மூன்று தட்டு வரிசையாக: அரிசி மாவில் மஞ்சள்தூள் கலந்தது, வெள்ளைக்கருவில் பூண்டு விழுது சேர்த்து நுரைக்காமல் கலக்கியது, பருப்புப் பொடி. துண்டை மாவில் புரட்டி, மிச்ச மாவைத் தட்டி உதறி, வெள்ளைக்கருவில் நனைத்து, வழிவதை வடியவிட்டு, பொடியில் வையுங்கள். மேலேயும் பொடி தூவி, உள்ளங்கையால் ஐந்து நொடி அழுத்துங்கள். ஒரு கை ஈரத்துக்கு, மறு கை பொடிக்கு என்று பிரித்துக்கொண்டால் விரல்களில் பூச்சு ஏறாது.

பொதிந்ததும் அடுப்புக்கு ஓட வேண்டாம். ஃப்ரிட்ஜில் இருபது நிமிடம் இருக்கட்டும். மாவு நீரைக் குடித்துப் பூச்சைச் சதையோடு பிடித்துக்கொள்ளும்.

படி 6: தோசைக்கல்லில்

கனமான இரும்புக் கல்லே சிறந்தது. நடுத்தரத் தீயில் கல்லைக் காயவைத்து, ஒரு மேசைக்கரண்டி எண்ணெயைப் பரப்பித் தீயைக் குறைத்துவிடுங்கள். சூடு சரியா என்று பார்க்க ஒரு சிட்டிகைப் பருப்புப் பொடியைப் போடுங்கள். சுற்றிலும் சின்னக் குமிழ் வந்து, அரை நிமிடம் கழித்தே பொன்னிறம் ஏற ஆரம்பித்தால் சரி. போட்டதும் சிவந்தால் கல் அதிகச் சூடு. இறக்கி வைத்து ஆறவிடுங்கள்.

நான்கு துண்டுகளை இடைவெளி விட்டு வையுங்கள். நான்கு நிமிடம் தொடவே கூடாது. அதற்குள் கிளப்பிப் பார்த்தால் பூச்சு கல்லோடு நின்றுவிடும். தானாக இறுகியதும் தானே விட்டுக்கொடுக்கும். அகலமான தோசைக்கரண்டியால் ஒரே ஒருமுறை திருப்பி, மறுபக்கம் மூன்று நிமிடம். பிறகு மூடியைச் சற்றுத் திறந்தாற்போல் வைத்து ஒன்றரை நிமிடம், மூடியை எடுத்துவிட்டு இன்னும் அரை நிமிடம். முழுக்க மூடினால் ஆவி இறங்கிப் பூச்சு ஊறிப்போகும். அடுத்த நான்கு துண்டுகளுக்கு முன் கல்லில் கிடக்கும் கருகல் துகள்களைத் துடைத்தெடுங்கள். இல்லாவிட்டால் கசப்பு ஏறும்.

உணவு வெப்பமானி இருந்தால் பக்கவாட்டில் குத்திப் பாருங்கள். நடுவில் 71 டிகிரி செல்சியஸ் வர வேண்டும். மேல்நாட்டில் முழுச் சதைத் துண்டுக்கு 63 டிகிரியும் மூன்று நிமிட ஓய்வும் போதும் என்கிறார்கள். நம் ஊர் இறைச்சிக்கு நாங்கள் 71-ஐத்தான் சொல்வோம், காரணம் அந்த நாடாப்புழு. வெப்பமானி இல்லையென்றால் தடித்த துண்டு ஒன்றை வெட்டுங்கள். உள்ளே சிவப்பு இல்லாமல், கசியும் நீர் தெளிவாக இருக்க வேண்டும். இன்னும் சிவப்பாகவே இருந்து மேலே நிறம் ஏறிவிட்டதா? தீயை மிகக் குறைத்து, மூடியைச் சாய்த்து இன்னும் இரண்டு நிமிடம் விடுங்கள். அடுத்த முறை இன்னும் மெல்லிசாகத் தட்டுங்கள்.

பேக்கிங் அவன் (oven) இருந்தால் 190 டிகிரியில் முன்கூட்டியே சூடாக்கி, கம்பித்தட்டின் மேல் வைத்து, இரண்டு தேக்கரண்டி எண்ணெய் தெளித்து 12 நிமிடம். பத்தாவது நிமிடத்திலேயே ஒருமுறை பாருங்கள். ஏர் ஃப்ரையரில் 180 டிகிரி, பத்து நிமிடம், நடுவில் ஒருமுறை திருப்ப வேண்டும். அதன் காற்று வேகத்தில் ஒட்டாத பருப்பெல்லாம் பறந்து சுருளில் விழுந்து கருகும் என்பதால் பொடியை இன்னும் அழுத்திப் பொதியுங்கள். மொறுமொறுப்பில் இரண்டுமே இரும்புக் கல்லுக்கு ஈடாகாது.

எதோடு சாப்பிடுவது

எடுத்ததும் தட்டில் அடுக்காமல் கம்பி வலையில் மூன்று நிமிடம் வையுங்கள். ஒன்றன்மேல் ஒன்று அடுக்கினால் அடித்துண்டின் பூச்சு வியர்த்துவிடும்.

மரச்சீனிக் கிழங்கு (மரவள்ளி) ஆசையாகத்தான் இருக்கும், ஆனால் இரவுக்கு அது கனம். இதற்கு நல்ல ஜோடி ஒரு கிண்ணம் சூடான கஞ்சியும் சிறுபயறுத் துவரனும் (தேங்காய் சேர்த்த பொரியல்). கஞ்சி வேண்டாதவர்கள் வெள்ளரிக்காயும் சின்ன உள்ளியும் (சின்ன வெங்காயம்) நறுக்கி எலுமிச்சை பிழிந்துகொள்ளலாம். தொட்டுக்கொள்ள, ஒரு மேசைக்கரண்டி மார்த்தாண்டம் தேனில் ஒரு காந்தாரி மிளகாயை நசுக்கி, அரை எலுமிச்சைச் சாறு விட்டுக் கலக்குங்கள். தேனைப் பூச்சில் சேர்க்கும் ஆசை வந்தால் அடக்கிக்கொள்ளுங்கள். அண்டிப்பருப்பே சீக்கிரம் சிவக்கும் பொருள், தேன் சேர்ந்தால் இரண்டே நிமிடத்தில் கரியாகும்.

மீந்தால் ஆறியதும் மூடிய பாத்திரத்தில் ஃப்ரிட்ஜில் இரண்டு நாள் வைக்கலாம். சூடாக்க மைக்ரோவேவ் வேண்டாம், பூச்சு ரப்பராகிவிடும். எண்ணெயில்லாக் கல்லில், சிறு தீயில், பக்கத்துக்கு மூன்று நிமிடம். பொதிந்து வேகவைக்காத துண்டுகளை ஃப்ரிட்ஜில் நான்கு மணி நேரத்துக்கு மேல் வைக்காதீர்கள். அதற்குள் பருப்பு ஈரம் குடித்துவிடும்.