கற்பனை உலகுக்கு ஒரு புனித நாட்காட்டி: மீதி நாட்களைத் தொலைத்துவிடாதீர்கள்

கற்பனை உலகம் ஒன்றை எழுத உட்காருகிறவர்கள், வரைபடம் போட்டு முடித்ததும் அடுத்து நாட்காட்டியில்தான் கை வைப்பார்கள். 12 மாதம், மாதத்துக்கு 30 நாள், ஆளுக்கொரு மாதமாக 12 தெய்வங்கள். அரை மணி நேரத்தில் வேலை முடிந்துவிடும், கணக்கிலும் பிசிறு இருக்காது. அந்தப் பிசிறின்மைதான், என் பார்வையில், இதில் நடக்கிற மிகப் பெரிய தவறு.

நம் வானத்தையே பாருங்கள். ஓர் அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசைக்குச் சராசரியாக 29.53 நாள். பருவங்கள் ஒரு சுற்று வர 365.24 நாள். 12 சந்திர மாதங்களைக் கூட்டினால் 354 நாள்தான் தேறும், ஆண்டு முடிய இன்னும் 11 நாள் பாக்கி. அந்தப் பாக்கியை எங்கே வைப்பது என்று கேட்கும்போதுதான் சமயம் உள்ளே வருகிறது. பண்டைய எகிப்தியர்கள் 30 நாள் மாதங்கள் 12 வைத்திருந்தார்கள். மிஞ்சிய 5 நாட்களை எந்த மாதத்திலும் சேர்க்காமல் ஒசைரிஸ், ஹோரஸ், சேத், ஐசிஸ், நெப்திஸ் ஆகிய ஐவரின் பிறந்தநாட்களாக்கினார்கள். மத்திய அமெரிக்காவின் மாயர்களிடம் 20 நாள் மாதங்கள் 18 இருந்தன. அங்கேயும் மிஞ்சியது 5 நாள்தான். ஆனால் அவர்கள் அதைக் கேடு சூழ்ந்த காலமாகக் கண்டு அஞ்சினார்கள். ஒரே மீதி, ஓரிடத்தில் தெய்வங்களின் பிறப்பு, இன்னோரிடத்தில் பயம். உங்கள் உலகத்தில் அந்த நாட்களில் அடுப்பு எரியுமா? மாதமே இல்லாத நாளில் பிறந்த குழந்தையை ஊர் எப்படிப் பார்க்கும்? 360 நாள் ஆண்டு போட்டால் இந்தக் கேள்விகளே எழாது.

நாட்காட்டி தானாக ஓடிக்கொள்ளும் என்று விட்டுவிடுவதும் தவறு. பிறை தெரிந்துவிட்டது என்று யார் அறிவிப்பார்? வானம் மூடியிருந்தால் என்ன செய்வார்கள்? பாக்கி நாட்களை ஈடுகட்டச் சேர்க்கும் கூடுதல் மாதம் எந்த ஆண்டில் வரும் என்பது யார் கையில்? ரோமக் குடியரசில் இது குருமார் குழுவின் கையில் இருந்தது. வேண்டியவர் பதவியில் இருந்தால் ஆண்டை நீட்டுவார்கள், வேண்டாதவர் இருந்தால் சுருக்குவார்கள் என்ற குற்றச்சாட்டு அவர்கள்மேல் உண்டு. மாதங்கள் பருவத்தைவிட்டு அவ்வளவு விலகிப்போயின. ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாட்களாக நீட்டித்தான் சரிசெய்ய முடிந்தது. சீசரே அந்தக் குழுவின் தலைமைக் குரு என்பதையும் கவனியுங்கள். ஒரு மாதத்தைக் கூட்டவோ நிறுத்தவோ முடிந்தவரின் கையில் வட்டிக் கெடுவும் பதவிக் காலமும் சேர்ந்தே இருக்கின்றன. நாட்காட்டியை ஒரு பாத்திரத்தின் கையில் கொடுத்துப் பாருங்கள், கதை தானாக அசையத் தொடங்கும்.

அப்புறம் பருவம். சந்திர நாட்காட்டி என்று சொல்லிவிட்டு, ஆண்டுதோறும் சரியாக அறுவடை நேரத்தில் அறுவடைத் திருவிழாவை வைப்பவர்கள் உண்டு. கூடுதல் மாதம் இல்லையென்றால் அது நடக்காது. ஆண்டுக்கு 11 நாள் முன்னே நகர்ந்து, 16 ஆண்டுகளில் அந்த விழா நேரெதிர்ப் பருவத்தில் போய் நிற்கும். இஸ்லாமிய நாட்காட்டியில் கூடுதல் மாதம் கிடையாது, அதனால் ரமலான் சுமார் 33 ஆண்டுகளில் எல்லாப் பருவங்களையும் சுற்றி வருகிறது. யூத நாட்காட்டி 19 ஆண்டுகளில் 7 முறை ஒரு மாதத்தைக் கூட்டி, பாஸ்கா பண்டிகையை வசந்தத்திலேயே நிறுத்துகிறது. எதை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம், எடுத்ததற்கு உண்மையாக இருக்க வேண்டும்.

இரண்டு நிலவு வைப்பவர்கள் காகிதத்தில் ஒரு பெருக்கல் போட்டுப் பார்ப்பது நல்லது. ஒரு நிலவுக்கு 24 நாள், இன்னொன்றுக்கு 36 நாள் என்றால் இரண்டும் 72 நாளுக்கு ஒருமுறை சேர்ந்து பௌர்ணமியாகும். அபூர்வ நாள் என்று அதைச் சொல்ல முடியாது. 24ஐ 25 ஆக்குங்கள், 900 நாளாகிவிடும். மாயர்களின் 260 நாள் புனிதச் சுற்றும் 365 நாள் ஆண்டும் தொடங்கிய இடத்தில் மறுபடி சந்திக்க 18,980 நாள், அதாவது 52 ஆண்டு ஆகும். ஒரு மனிதர் வாழ்நாளில் ஒருமுறையோ, அதிகம் போனால் இருமுறையோ பார்க்கக்கூடிய சந்திப்பு அது. பாட்டி சொல்லிப் பேரன் காத்திருக்கிற விழாவுக்கு இப்படிப்பட்ட இடைவெளிதான் பொருந்தும்.

உலகம் முழுக்க ஒரே நாட்காட்டி என்பதும் நம்பும்படி இல்லை. நாம் இன்று பயன்படுத்தும் கிரெகோரிய நாட்காட்டியை 1582இல் முதலில் ஏற்ற நாடுகளில் அக்டோபர் 4க்கு மறுநாள் அக்டோபர் 15 ஆனது. பிரிட்டன் 1752 வரை மாறவில்லை. சீசர் கொண்டுவந்த பழைய ஜூலியன் கணக்கை வைத்திருக்கும் திருச்சபைகளுக்கு இன்றும் கிறிஸ்துமஸ் ஜனவரி 7இல்தான் வருகிறது. உங்கள் எல்லை ஊர் ஒன்றில், ஆற்றின் இக்கரையில் விரதமும் அக்கரையில் விருந்தும் ஒரே நாளில் நடக்கலாமே.

பெயர்கள் விஷயத்தில் நீட்ட வேண்டியதில்லை. மாதப் பெயர்களின் பட்டியலை முதல் அத்தியாயத்தில் கொட்டினால் வாசகர் தாண்டிப் போய்விடுவார். குருமார் முழுப் பெயர் சொல்லட்டும். உழுகிற பெண், "விதைப்பு முடிஞ்சு மூணாம் பிறையில வா" என்றுதான் சொல்வாள்.