ஸ்க்ரீனை மூடி வச்சிட்டு யூஎக்ஸ் பண்றது எப்படி

யூஎக்ஸ், அதாவது யூசர் எக்ஸ்பீரியன்ஸ், ஒரு பொருளை பயன்படுத்தறவங்களோட அனுபவத்தை டிசைன் பண்ற வேலைன்னாலே "ஆப்புக்கு கலர், பட்டன் போடுவீங்களா"ன்னு தான் கேக்கறாங்க. 1993ல ஆப்பிள்ல சேர்ந்த டிசைன் ஆராய்ச்சியாளர் டான் நார்மன் இந்த பேரை கொண்டு வந்ததே, ஸ்க்ரீன், பட்டன் மாதிரி நாம தொட்டு இயக்கற பகுதியை சொல்ற இன்டர்ஃபேஸ்ங்கிற வார்த்தை சின்னதா இருக்கு, பொருளோட வடிவம், கூட வர்ற மேனுவல் வரைக்கும் எல்லாம் சேரணும்னு தான்.

ஸ்க்ரீன் இல்லாம இதை பழக நல்ல இடம் டீக்கடை. கூட்ட நேரத்துல ஒரு மணி நேரம் போய் நில்லுங்க, கேள்வி எதுவும் கேக்காதீங்க, சும்மா பாருங்க. மாஸ்டர் ஒரு கையில டம்ளர் இன்னொரு கையில டிகாக்‌ஷன்னு நிப்பார், போனை எடுத்து காசு வந்துச்சான்னு எங்க பாக்கறது, அந்த கேப்ல ஒருத்தன் பழைய ஸ்க்ரீன்ஷாட்டை காட்டிட்டு போயிடுவான். இதுக்கு தான் காசு வந்ததும் தொகையை சத்தமா சொல்ற யூபிஐ சவுண்ட் பாக்ஸ். அவர் பாக்க ஸ்க்ரீனே வேணாம், காது போதும்.

இப்ப அந்த பெட்டி பேசுற வாக்கியத்தை நீங்களே எழுதி, பஸ் ஸ்டாண்ட் சத்தத்துல போட்டு கேளுங்க. இருபது, அறுபது, எழுபது மூணும் ஒண்ணு போலவே கேக்கும்! தொண்ணூறும் தொள்ளாயிரமும் இன்னும் மோசம். தொகையை ரெண்டு தடவை சொல்லணுமா, மெதுவா சொல்லணுமா, அதான் உங்க டிசைன். அஞ்சு பேர்கிட்ட டெஸ்ட் பண்ணாலே பெரிய ஓட்டை எல்லாம் தெரிஞ்சிடும்.

அடுத்தது பெட்டி பேசாத நேரம், என்னை கேட்டா முக்கால்வாசி வேலை இங்க தான். காசு வரலையா, இல்ல பெட்டிக்குள்ள இருக்கற சிம்முக்கு நெட்வொர்க் இல்லையா? ரெண்டுக்கும் ஒரே அமைதி தான், கஸ்டமர் அக்கவுண்ட்ல கழிஞ்சிடுச்சுன்னு சத்தியம் பண்றார், மாஸ்டர் வரலைங்கறார், பின்னாடி நாலு பேர் நிக்கறாங்க. கடைக்கு போன யூபிஐ காசு இப்படி நடுவுல மாட்டினா அஞ்சு நாளுக்குள்ள தானா திரும்பணும், தாண்டினா நாளுக்கு 100 ரூபா பேங்க் தரணும்னு ரிசர்வ் பேங்க் 2019லயே சொல்லிடுச்சு, ஆனா அந்த நிமிஷம் அங்க நிக்கற ரெண்டு பேருக்கும் அதை யார் சொல்றா? எஸ்எம்எஸ்ல என்ன வரணும், ஹெல்ப்லைன்ல எடுக்கறவர் முதல்ல என்ன கேக்கணும், எல்லாத்தையும் எழுதுங்க.

கடை மூடுற நேரத்துக்கும் ஒரு தடவை போங்க. நான் பாத்த ஒருத்தர் பெட்டி சொன்னதை எல்லாம் கிழிச்ச காலண்டர் தாள் பின்னாடி குறிச்சு வச்சு கூட்டிட்டு இருந்தார், ஆப்புல அழகா ஒரு ரிப்போர்ட் பேஜ் இருக்கு, அதை அவர் திறந்ததே இல்லையாம்.