மேரி கே, ஜானி: காணாமல் போன டிவி ஜோடியைத் தேடுவது எப்படி

மேரி கே ஸ்டெர்ன்ஸ், ஜானி ஸ்டெர்ன்ஸ் தம்பதி நடித்த பழைய அமெரிக்க டிவி நிகழ்ச்சி 'மேரி கே அண்ட் ஜானி'. அதைத் தேடப் போனால் முதல் தடங்கல் பெயரிலேயே வரும். ஆங்கிலத்தில் மேரி கே என்று மட்டும் தேடினால் லிப்ஸ்டிக்கும் முகப்பூச்சும்தான் வந்து கொட்டும், அந்தப் பெயரில் பெரிய அழகுசாதனக் கம்பெனி ஒன்று இருக்கிறது. அதனால் ஸ்டெர்ன்ஸ் என்ற குடும்பப் பெயரையும், நிகழ்ச்சியை முதலில் ஒளிபரப்பிய டூமான்ட் என்ற பழைய டிவி நெட்வொர்க்கின் பெயரையும் சேர்த்துத் தேடுங்கள்.

அடுத்தது தேதி. 'மேரி கே அண்ட் ஜானி' 1947 நவம்பர் 18 அன்று தொடங்கியது. அமெரிக்க டிவியின் முதல் சிட்காம், அதாவது நகைச்சுவைத் தொடர் என்று இதைத்தான் சொல்கிறார்கள். நிஜக் கணவன் மனைவியே புதுமணத் தம்பதியாக நடித்தார்கள், கதை எழுதியது ஜானி. டூமான்டில் மட்டும் தேடி நிறுத்திவிடாதீர்கள். 1948-இல் என்பிசி, 1949-இல் கொஞ்ச நாள் சிபிஎஸ், திரும்பவும் என்பிசி என்று வேறு நெட்வொர்க்குகளில் மாறி மாறி ஓடி, 1950 மார்ச்சில்தான் முடிந்தது. பழைய பத்திரிகைகளின் டிவி அட்டவணையைப் புரட்டும்போது இந்த வரிசை கையில் இல்லையென்றால் பாதியிலேயே தொலைத்துவிடுவீர்கள்.

வீடியோ கிடைக்கும் என்று ரொம்ப நம்ப வேண்டாம். எல்லாம் நேரலை. வீடியோ டேப் புழக்கத்துக்கு வந்ததே 1956-இல்தான், அதற்கு முன் டிவி திரைக்கு எதிரே ஃபிலிம் கேமராவை வைத்துப் படம் பிடிப்பார்கள், கினெஸ்கோப் என்று பெயர். டூமான்டின் கினெஸ்கோப் சுருள்களில் பெரும்பகுதி 1970-களில் நியூயார்க் விரிகுடாவில் கொட்டப்பட்டதாக நடிகை ஈடி ஆடம்ஸ் 1996-இல் சாட்சியமே சொன்னார். கேட்கவே வயிறு எரிகிறது.

ஆக, காகிதத்தில்தான் தேட வேண்டும். அன்றைய ஒளிபரப்புத் துறைப் பத்திரிகைகள் வேர்ல்ட் ரேடியோ ஹிஸ்டரி தளத்தில் ஸ்கேன் செய்து கிடக்கின்றன, இலவசம்தான். விளம்பரதாரர் பெயரையும் போட்டுப் பாருங்கள், ஏனென்றால் சுவாரசியமான கதைகள் அந்தப் பக்கம்தான் ஒளிந்திருக்கும். யாராவது பார்க்கிறார்களா என்று தெரிந்துகொள்ள அனாசின் மாத்திரைக்காரர்கள் ஒருமுறை, முதலில் கடிதம் போடும் 200 பேருக்கு முகம் பார்க்கும் கண்ணாடி இலவசம் என்று அறிவித்தார்கள். எதற்கும் இருக்கட்டும் என்று 400 வாங்கி வைத்தார்களாம், வந்ததோ ஏறத்தாழ 9000 கடிதங்கள்! பார்வையாளர் எண்ணிக்கையை முறையாக எடுக்காத காலத்தில் இதைவிட நல்ல ஆதாரம் கிடைக்காது.

படிக்கும்போது ஒரு விஷயத்தில் கவனம். டிவியில் முதன்முதலில் கர்ப்பத்தைக் கதையாக்கியது நடிகை லூசில் பாலின் 'ஐ லவ் லூசி' தொடர் என்று பல இடங்களில் இருக்கும். அது 1952. மேரி கேயின் கர்ப்பம் 1948-லேயே கதைக்குள் வந்துவிட்டது, பிறந்த குழந்தையையும் சில வாரங்களிலேயே நிகழ்ச்சிக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். ஒரே கட்டிலில் தூங்கும் தம்பதியைக் காட்டியதிலும் இவர்களே முந்தி.

சரி, பார்த்தே தீர வேண்டுமா? 1949-இன் ஒரு எபிசோட் நியூயார்க்கில் பழைய டிவி, ரேடியோ நிகழ்ச்சிகளைச் சேர்த்து வைத்திருக்கும் பேலி சென்டரில் பாதுகாக்கப்பட்டிருக்கிறது. போகுமுன் அதைப் பார்க்க முடியுமா என்று கேட்டுவிட்டுப் போங்கள். போக முடியாதவர்கள் டெலிவிஷன் அகாடமியின் பேட்டித் தொகுப்புக்குப் போகலாம், வயதான காலத்தில் ஸ்டெர்ன்ஸ் தம்பதி தங்கள் கதையைத் தாங்களே அதில் சொல்கிறார்கள்.