ஊதிப் பார்க்கும் பரிசோதனை: அறிக்கையின் எண்களை வாசிப்பது எப்படி?

ஆந்திர எல்லையில் குப்பத்தைச் சுற்றியுள்ள கிரானைட் பட்டறைகளில் கல் அறுத்தும் பாலிஷ் போட்டும் பிழைக்கிறவர்களில் தமிழ் பேசுவோரும் உண்டு. மேடேறினால் மூச்சு வாங்குகிறது, இருமல் விடமாட்டேன் என்கிறது என்று மருத்துவரிடம் போனால், அவர் எழுதித் தரும் முதல் பரிசோதனைகளில் ஒன்று ஸ்பைரோமெட்ரி. நம்மவர்கள் இதை 'ஊதுற டெஸ்ட்' என்பார்கள். வலியில்லாத சோதனைதான் என்றாலும், ஊதுகிறவர் சரியாக ஊதினால் மட்டுமே அதன் முடிவுக்கு மதிப்பு உண்டு. ஆகவே எண்களுக்குப் போகுமுன் ஊதும் முறையைச் சொல்லிவிடுகிறேன்.

இன்ஹேலர் பயன்படுத்துகிறவர் எத்தனை மணி நேரத்துக்கு முன் அதை நிறுத்த வேண்டும் என்று மருத்துவரிடமே கேட்டுக்கொள்ள வேண்டும்; மருந்துக்கு மருந்து அது மாறும், தாமாக நிறுத்துவது ஆபத்து. சோதனைக்கு முந்தைய ஒரு மணி நேரம் பீடி, சிகரெட் கூடாது. வயிறு முட்டச் சாப்பிடவும் வேண்டாம். அண்மையில் மாரடைப்பு வந்திருந்தாலோ, கண், மார்பு, வயிறு ஆகியவற்றில் அறுவைச் சிகிச்சை நடந்திருந்தாலோ, சளியில் இரத்தம் வந்தாலோ, காசநோய் இருந்தாலோ முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். உயரத்தைச் செருப்பைக் கழற்றிவிட்டு அளக்கச் சொல்லுங்கள். வயது, பாலினம், உயரம் ஆகியவற்றை வைத்துத்தான் உங்களுக்கு இருக்க வேண்டிய அளவை இயந்திரம் கணக்கிடுகிறது. உயரம் தவறினால் எல்லா விழுக்காடும் தவறும்.

மூக்கில் கிளிப் மாட்டியதும் நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து, குழாயை உதடுகளால் இறுகக் கவ்விக்கொண்டு, முழு வேகத்தில் வெடித்தாற்போல் ஊத வேண்டும். அதன்பின் நிறுத்தாமல், உள்ளே காற்றே இல்லை என்று தோன்றும்வரை, பெரியவர்கள் பொதுவாக 6 நொடியாவது, வெளியே தள்ளிக்கொண்டே இருக்க வேண்டும். சரியான ஊதல் குறைந்தது மூன்று தேவை. அவற்றில் சிறந்த இரண்டுக்கும் இடையே 150 மில்லிலிட்டருக்கு மேல் வேறுபாடு இருக்கலாகாது.

இதை வலியுறுத்துவதற்குக் காரணம் இருக்கிறது. திருப்பத்தூர்ப் பக்கத்திலிருந்து வேலைக்குப் போன என் மாமாவைச் சோதித்த ஊழியர், "ஆபொத்து, ஆபொத்து" என்று தெலுங்கில் உரக்கச் சொல்லியிருக்கிறார். நிறுத்தாதே என்பது அதன் பொருள். மாமாவின் காதில் விழுந்ததோ 'பொத்து'. இரண்டாவது நொடியிலேயே வாயை மூடிக்கொண்டார். நுரையீரல் சுருங்கியிருக்கலாம் என்று அறிக்கை வந்து, வீடே இரண்டு வாரம் கலங்கிக் கிடந்தது. மறுபடி ஒழுங்காக ஊதியபோது தெரிந்தது சுருக்கம் அல்ல, மூச்சுக்குழாய் அடைப்பு. பாதியில் நிறுத்தினால் மொத்தக் காற்று குறைவாகப் பதிவாகும். அடைப்பு மறைந்து, சுருக்கம் போல ஒரு தோற்றம் வரும். மொழி புரியவில்லையென்றால் வெட்கப்படாமல் திரும்பச் சொல்லச் சொல்லுங்கள்.

இனி எண்கள். எஃப்.வி.சி. என்பது முழு மூச்சில் வெளியேற்றிய மொத்தக் காற்று. எஃப்.இ.வி.1 என்பது அதில் முதல் நொடிக்குள் வெளிவந்த பங்கு. முதலில் பார்க்க வேண்டியது இவ்விரண்டின் விகிதத்தை.

ஒருவருக்கு எஃப்.வி.சி. 3.00 லிட்டர், எஃப்.இ.வி.1 1.65 லிட்டர் என்று வைத்துக்கொள்வோம். விகிதம் 55 விழுக்காடு. பெரியவர்களுக்கு இது 70-க்குக் கீழே போனால் மூச்சுக்குழாய் அடைப்பு என்பது வழக்கமான அளவுகோல். வயதாக ஆக இந்த விகிதம் இயல்பாகவே குறையும் என்பதால், இப்போது பல அறிக்கைகளில் இயல்பின் கீழ் எல்லையும், இருக்க வேண்டிய அளவிலிருந்து எவ்வளவு விலகியிருக்கிறது என்று காட்டும் இசட் ஸ்கோரும் இருக்கும்; அந்த ஸ்கோர் மைனஸ் 1.64-க்குக் கீழே இருந்தால் இயல்புக்குக் குறைவு என்று பொருள். பிறகு மூச்சுக்குழாயை விரிக்கும் சால்பியூட்டமால் மருந்தைக் கொடுத்து, சுமார் 15 நிமிடம் கழித்து மீண்டும் ஊதச் சொல்வார்கள். 1.65 என்பது 1.98 ஆனால் 330 மில்லிலிட்டர், அதாவது 20 விழுக்காடு கூடியிருக்கிறது. குறைந்தது 12 விழுக்காடும் 200 மில்லிலிட்டரும் கூடினால் மருந்துக்குக் குழாய் விரிகிறது என்பது நெடுநாள் வழக்கம். இது ஆஸ்துமாவின் பக்கம் கை காட்டினாலும், இதை மட்டும் வைத்து எந்த மருத்துவரும் முடிவு சொல்லமாட்டார். மருந்துக்குப் பின்னும் விகிதம் 70-க்குக் கீழேயே நின்றால், பீடி, விறகடுப்புப் புகை, தூசு ஆகியவற்றால் வரும் நாள்பட்ட அடைப்பு நோயையும் அவர் கருதுவார்.

இன்னொருவருக்கு எஃப்.வி.சி. 2.10, எஃப்.இ.வி.1 1.80, விகிதம் 86. விகிதம் நன்றாக இருக்கிறது, மொத்தக் காற்றோ இருக்க வேண்டியதில் 64 விழுக்காடுதான். நுரையீரல் விரிய மறுக்கிறது என்ற ஐயம் இங்கேதான் எழுகிறது. ஐயம் என்றுதான் சொல்ல முடியும். நுரையீரலின் முழுக் கொள்ளளவை வேறு கருவியால் அளந்த பிறகே அது உறுதியாகும்.

கல் தூசில் வேலை செய்கிறவர்களுக்கு ஒன்றைத் தனியாகச் சொல்ல வேண்டும். கல் தூசால் வரும் நுரையீரல் நோயான சிலிகோசிஸ் தொடக்கத்தில் இருக்கும்போது இந்த எண்கள் முழுக்க இயல்பாகவே இருக்கக்கூடும். 'நார்மல்' என்று வந்துவிட்டது என்பதற்காக மார்பு எக்ஸ்ரேயைத் தவிர்க்காதீர்கள். எத்தனை ஆண்டு தூசில் நின்றீர்கள் என்பதை மருத்துவரிடம் மறைக்கவும் வேண்டாம்.

நடுவயதுக்குப் பின் எஃப்.இ.வி.1 ஆண்டுக்கு ஏறத்தாழ 30 மில்லிலிட்டர் குறைவது இயல்பு. அதைவிட வேகமாகக் குறைகிறதா என்பது பழைய அறிக்கையோடு ஒப்பிட்டால்தான் தெரியும். சிறிய இயந்திரங்கள் பஸ் டிக்கெட் போன்ற வழுவழுப்பான தாளில் அச்சிடுகின்றன. அந்த எழுத்து நாளடைவில் மங்கிவிடும். வாங்கிய அன்றே ஜெராக்ஸ் எடுத்து வையுங்கள்.