இடிப்பு அறிவிப்புக்கு நான் பதில் தந்த விதம்

நாங்கள் வாங்கிய வீட்டின் மாடி அறையை முந்தைய உரிமையாளர் அனுமதியின்றிக் கட்டியிருந்தார். தமிழ்நாடு நகர் மற்றும் ஊரமைப்புச் சட்டம், 1971-இன் 56-ஆம் பிரிவின்கீழ் இடிப்பு அறிவிப்பு வந்ததும், பெற்ற தேதி தெரியும்படி உறையையும் பத்திரப்படுத்தினேன். காலக்கெடுவைக் கணக்கிட அந்தத் தேதிதான் ஆதாரம்.

அந்தப் பிரிவிலேயே ஒரு வழி இருக்கிறது. அறிவிப்பில் குறிப்பிட்ட காலத்துக்குள், கட்டடத்தைத் தக்கவைக்க அனுமதி கோரி 49-ஆம் பிரிவின்கீழ் விண்ணப்பிக்கலாம். ஆனால் விதிமீறலை அப்படியே வைத்துக்கொண்டு விண்ணப்பிப்பதால் பயனில்லை என்பது என் உறுதியான கருத்து. உரிமம் பெற்ற பொறியாளரை அழைத்து அளந்தபோது, அறை விதிக்கு உட்பட்டதாகவும், படிக்கட்டு மட்டும் பக்கவாட்டுத் திறந்தவெளியை மறித்து நிற்பதாகவும் தெரிந்தது. தீயணைப்புக்கும் அண்டை வீட்டாரின் காற்றுக்கும் வேண்டிய இடம் அது என்பதால், படிக்கட்டை நானே இடித்து உட்புறமாக மாற்றினேன். பிறகு திருத்திய வரைபடம், புகைப்படங்கள், பத்திர நகல் ஆகியவற்றுடன் விண்ணப்பித்து, ஒப்புகைச் சீட்டும் பெற்றேன்.

நேரில் விளக்கமளிக்க வாய்ப்பும் எழுத்துமூலம் கேட்டேன். இடிப்புக்கு முன் 15 நாள் அறிவிப்பும் நேரடி விசாரணையும் காரணம் கூறும் உத்தரவும் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2024 நவம்பர் 13-இல் தீர்ப்பளித்திருக்கிறது. சாலை, நீர்நிலை போன்ற பொது இடங்களிலுள்ள ஆக்கிரமிப்புகளுக்கு அது பொருந்தாது.

விசாரணைக்குப் பின் கட்டணம் செலுத்தியதும் அறைக்கு அனுமதி கிடைத்தது. அறிவிப்பும் திரும்பப் பெறப்பட்டது.